பேசாத எழுத்து: எந்திரத் தகடுகளை மொழியியல் நோக்கில் படித்தல்

எழுத்து பேச்சொலியின் வரிவடிவம் என்பது மொழியியல் மாணவர்க்குக் கற்பிக்கப்படும் முதற்பாடம். அந்தப் பாடத்திற்குள் அடங்காத எழுத்துவகை ஒன்று நம் வீடுகளிலேயே இருந்து வந்திருக்கிறது. பேராக் மாநிலத்துத் தோட்டப்புறங்களில், லயத்து வீட்டின் நிலைக்கு மேலே ஆணியடித்துப் பொருத்திய செப்புத் தகடு, கைக்குழந்தையின் அரைஞாணில் கோத்த தாயத்து, மாரியம்மன் பீடத்துக்கு அடியில் வைத்து மூடிய சக்கரம் ஆகியவற்றில் அவ்வெழுத்துகள் கீறப்பட்டிருக்கும். அவற்றை எவரும் உரக்கப் படிப்பதில்லை. பெரும்பாலும் கண்ணால் காண்பதும் இல்லை. குப்பிக்குள் சுருண்டும் சிலைக்கடியில் புதைந்தும் கிடப்பதே அவற்றின் இயல்பு. படிக்கப்படுவதற்கென்று எழுதப்படாத எழுத்து எத்தகையது, அது எவ்விதிகளால் இயங்குகிறது, அதை இன்று நாம் ஏன் படிக்க வேண்டும் என்பனவே இக்கட்டுரை எடுத்துக்கொள்ளும் வினாக்கள்.

இளைய வாசகர்களுக்கு இப்பொருள் முற்றிலும் புதியதாயிராது. கற்பனை உலகங்களைப் படைக்கும் நாவல்களிலும் கணினி விளையாட்டுகளிலும் மந்திரக் குறிகள் நிறைந்துள்ளன. 1937இல் தோல்கீன் வெளியிட்ட ‘தி ஹாபிட்’ என்னும் கதையில் நிலவொளியில் மட்டும் புலப்படும் எழுத்து வருகிறது. தோல்கீன் ஆக்சுபோர்டுப் பல்கலைக்கழகத்தில் பழைய ஆங்கிலம் கற்பித்த மொழியறிஞர். அவர் தம் கதைக்கு எடுத்துக்கொண்டது வட ஐரோப்பாவின் பழைய ரூன் எழுத்து. ‘ரூன்’ என்ற சொல்லுக்கே மறைபொருள் என்னும் பொருள் உண்டு. தொல்காப்பியச் செய்யுளியல், நிறைமொழி மாந்தர் தம் ஆணையால் மொழிந்த மறைமொழியையே மந்திரம் என வரையறுக்கிறது. தொலைவிலுள்ள இரு மரபுகளும் மறைவு என்னும் ஒரே கருத்தில் வந்து கூடுகின்றன. கதையாசிரியர்கள் புனைந்து காட்டுவதைத் தமிழர் செம்பில் கீறி இடுப்பில் கட்டியிருந்தனர் என்ற நினைவோடு மேலே செல்வோம்.

பெயர்கள் காட்டும் பொருள்

ஒரு பொருளை மக்கள் எவ்வாறு கருதினர் என்பதற்கு அவர்கள் இட்ட பெயரே முதற்சான்று. நாம் பேசும் பொருளுக்குத் தமிழில் எந்திரம், சக்கரம், தகடு, தாயத்து, அச்சரம் எனப் பல பெயர்கள் வழங்குகின்றன. இவற்றுள் தகடு என்பது எழுதப்படும் பொருளைச் சுட்டும். சக்கரம் என்பது வடிவத்தைச் சுட்டத் தொடங்கி, பின்னர்ச் சதுரக் கட்டத்துக்கும் ஆகிவந்த பெயர். தாயத்து என்பதைக் காப்பு என்னும் பொருளுடைய அறபுச் சொல்லோடு இணைத்துக் காண்பவர் உண்டு.

அச்சரம் என்னும் பெயர் தனியே நோக்கத்தக்கது. அட்சரம் என்ற வடசொல்லின் தமிழ்வடிவம் அது. எழுத்து என்பதே அதன் பொருள். ஈழத் தமிழர் தாயத்துக் குப்பியை அச்சரக்கூடு என்பர். எழுத்தை அடைத்துவைக்கும் கூடு என்பது அதன் நேர்ப்பொருள். குப்பிக்குள் இருப்பது மருந்தோ சாம்பலோ எனக் கொள்ளாமல், எழுத்து என்றே பெயரிட்டவர்கள் கருதியுள்ளனர் என்பது இதனால் விளங்கும்.

எந்திரம் என்ற சொல் இன்னும் ஆழமானது. கட்டுப்படுத்துதல், அடக்குதல் என்னும் பொருளுடைய வடமொழி வேரிலிருந்து வந்த சொல் அது. சங்கப் பாடல்களில் கரும்பைப் பிழியும் ஆலைக்கு எந்திரம் என்று பெயர். ரப்பர்த் தோட்டத்துப் புகைவீட்டின் அருகே பால்கட்டியைத் தகடாக நசுக்கி எடுத்த உருளைக்கும் அதே பெயர் பொருந்தும். மந்திரக் கட்டமும் ஆலையும் ஒரே பெயர் பெற்றது தற்செயலன்று. இரண்டும் ஓர் ஆற்றலைப் பிடித்து ஒழுங்குபடுத்தி ஒரு வேலையைச் செய்விப்பவை என்ற எண்ணமே அதன் அடிப்படை.

இவ்வெண்ணம் வடசொல்லோடு மட்டும் வந்ததெனக் கொள்ளவும் முடியாது. ‘பொறி’ என்ற தூய தமிழ்ச் சொல்லை நோக்குக. பொறித்தல் என்றால் கீறி எழுதுதல். சோழரின் புலிப்பொறியில் பொறி என்பது சின்னம். எலிப்பொறியிலும் பொறியியலிலும் பொறி என்பது கருவி. குறியையும் கருவியையும் ஒரே சொல்லால் குறித்த மொழி தமிழ். மலாய் மொழியிலும் இதற்கு ஓர் இணை உண்டு. ‘ராஜா’ என நாம் உச்சரிக்கும் மன்னனைக் குறிக்கும் சொல்லன்று. ஈற்றில் மெல்லிய மூச்சொலி பெறும் ‘ராஜாஹ்’ என்ற வேறொரு சொல். அது தாயத்தில் வரையும் மந்திரக் கோட்டுருவைக் குறிக்கும். இன்று நம் பிள்ளைகளின் அறிவியல் பாடநூலில் விளக்கப்படத்துக்கு வழங்கும் பெயரும் அதுவே. பள்ளிப் பையில் அந்தச் சொல் இருக்கிறது. அதன் பழம்பொருளை அறிந்தவர் குறைவு.

எழுத்துக்கு இயல்பு கூறிய இலக்கணம்

எழுத்துக்கு ஆற்றல் உண்டு என்ற நம்பிக்கையை மந்திரவாதிகளின் தனிச்சொத்தாகக் கருதுவது பிழை. நம் இலக்கண மரபே அதற்கு இடந்தந்துள்ளது. பாட்டியல் நூல்கள், ஒரு தலைவனைப் பாடத் தொடங்கும் புலவன் முதற்சொல்லில் பார்க்க வேண்டிய பொருத்தங்களைப் பத்தாக வகுக்கின்றன. மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம் என்பன அவை. இவற்றுள் உண்டிப் பொருத்தம் எழுத்துகளை அமுத எழுத்து, நச்செழுத்து எனப் பிரிக்கிறது. அ, இ, உ, எ என்னும் குற்றுயிர்கள் அமுதம். ஆய்தமும் அளபெடையும் நஞ்சு. பாடப்படுவோனுக்குக் கேடு நேராமல் காப்பதே இப்பகுப்பின் நோக்கம். பொருளை விட்டு எழுத்தையே உண்ணும் பொருளாகக் கருதிய இச்சிந்தனைக்கும் தகட்டுக்கும் இடைவெளி அதிகமில்லை. கணக்கெழுதும் கிராணியும் தாளின் தலைப்பில் ‘உ’ எனச் சுழித்துத் தொடங்கியதில் இம்மரபின் எளிய வடிவத்தைக் காணலாம்.

சைவ மரபில் இதற்கு முதன்மையான நூல் திருமந்திரம். அதன் ஒன்பது தந்திரங்களுள் நான்காவது, திருவம்பலச் சக்கரம், ஏரொளிச் சக்கரம், வயிரவச் சக்கரம், சாம்பவி மண்டலச் சக்கரம், புவனாபதிச் சக்கரம், நவாக்கரி சக்கரம் எனச் சக்கரங்களை வரையும் முறைகளை விரித்துரைக்கிறது. கோடு எத்தனை, கட்டம் எத்தனை, எந்தக் கட்டத்தில் எந்த எழுத்து என்ற வகையில் அமைந்த அப்பகுதிகளை வரைபடக் குறிப்புகளாகவே படிக்கலாம்.

தகட்டின் இலக்கணம்

இனி ஒரு தகட்டை எவ்வாறு படிப்பது எனப் பார்ப்போம். தகட்டில் பெயர், வினை, எழுவாய், பயனிலை என்பன இல்லை. அவற்றுக்கு ஈடாக இடம், வரிசை, எண் என்னும் மூன்றும் இயங்குகின்றன. ஒவ்வொன்றுக்கும் ஓர் எடுத்துக்காட்டுத் தருவோம்.

முதலில் வரிசை. சிவனுக்குரிய ஐந்தெழுத்தை ஐந்துக்கு ஐந்து கட்டத்தில் ஒவ்வோர் இடமாக நகர்த்தி நிரப்பினால் கிடைப்பது இது:

சி  வ  ய  ந  ம
ம  சி  வ  ய  ந
ந  ம  சி  வ  ய
ய  ந  ம  சி  வ
வ  ய  ந  ம  சி

எந்த வரிசையிலும் எந்த நிரலிலும் ஓரெழுத்து இருமுறை வரவில்லை. கணித நூலார் இதனை இலத்தீன் சதுரம் என்பர். பதினெட்டாம் நூற்றாண்டில் ஆயிலர் இத்தகைய சதுரங்களை ஆராய்ந்தார். முதல் வரிசையில் உள்ளது சிவயநம. மூன்றாம் வரிசையில் தானாகவே நமசிவய அமைந்துவிடுகிறது. சைவர் நுட்ப ஐந்தெழுத்து, பரு ஐந்தெழுத்து எனப் பிரித்துக் கூறும் இரண்டும் ஒரே சுழற்சியின் இரு நிலைகள் என்பதைக் கட்டம் கண்முன் காட்டுகிறது. மேல் இடமூலையிலிருந்து கீழ் வலமூலைக்குச் செல்லும் கோட்டில் ‘சி’ மட்டுமே நிற்கிறது. ஐந்தெழுத்தை நூற்றிருபது வகையாக அடுக்க இயலும். அவற்றுள் சுழற்சியால் வரும் ஐந்தை மட்டும் தேர்ந்து, எஞ்சியவற்றை ஒதுக்கும் கட்டுப்பாடே இதன் இலக்கணம்.

அடுத்து, இடம். முருகனுக்குரிய அறுகோணத் தகட்டில் இரு முக்கோணங்கள் ஒன்றையொன்று வெட்டி நிற்கும். ஆறு முனைகளில் ச, ர, வ, ண, ப, வ என்னும் ஆறெழுத்தும் நடுவில் ஓங்காரமும் அமையும். சரவணபவ என்பது பொருளுடைய தொடர்; நாணற்காட்டில் தோன்றியவன் என விரியும். ஆறு முனைகளுக்கும் பிரித்து வைத்த பின் அத்தொடர் தொடராக நில்லாது. தொடக்கமும் முடிவும் இல்லாத வட்டமாக ஆகிவிடுகிறது. காலத்தில் ஒன்றன்பின் ஒன்றாக ஒலிக்க வேண்டிய மொழி, தகட்டில் ஒரே கணத்தில் எல்லாப் பக்கமும் நோக்கி நிற்கிறது. ஆறுமுகம் என்னும் கடவுள் வடிவத்தை எழுத்தால் செய்துகாட்டும் முறை இது.

மூன்றாவது, எண். கட்டங்களில் எழுத்துக்குப் பதில் எண்களை நிரப்பி, எப்பக்கம் கூட்டினும் ஒரே தொகை வரச் செய்யும் வகை பலரும் அறிந்ததே. நம் வீடுகளில் பூசையறையில் வரையும் குபேரக் கோலம் இவ்வகையினது:

27  20  25
22  24  26
23  28  21

வரிசையாகவோ நிரலாகவோ மூலைக்கு மூலையாகவோ கூட்டினாலும் 72 வரும். ஒவ்வொரு கட்டத்திலிருந்தும் 19ஐக் கழித்துப் பார்த்தால் கிடைப்பது 1 முதல் 9 வரையிலான எண்களால் ஆன எளிய சதுரம்:

8  1  6
3  5  7
4  9  2

இதன் தொகை 15. இந்தச் சிறு சதுரத்தைக் கைவசம் வைத்துக்கொள்வோம். ஈப்போ நகரைச் சுற்றிவரும்போது இதை மீண்டும் சந்திக்க நேரும்.

வித்தெழுத்துகள் தமிழான கதை

தகடுகளில் ஐந்தெழுத்து, ஆறெழுத்துக்கு அடுத்தபடியாகக் காணப்படுவன ஓரசையால் ஆன வித்தெழுத்துகள். வடமொழி மரபில் ஐம், க்லீம், ஸௌ, ஹ்ரீம் என்று வரும் இவற்றுக்கு அகராதிப் பொருள் கிடையாது. பொருளற்ற ஒலி மாற்றமின்றிக் காக்கப்பட வேண்டும் என்பது மந்திர மரபின் கட்டளை. ஆனால் சித்தர் பெயரால் வழங்கும் தமிழ் மந்திரச் சுவடிகளில் அவை ஐயும், கிலியும், சவ்வும், ரீயும் என்ற வடிவம் பெற்றுள்ளன. இதனை எழுதத் தெரியாதவரின் சிதைவு எனத் தள்ளிவிடுவது எளிது. மொழியியல் கண்கொண்டு நோக்கினால் அங்கே தமிழிலக்கணம் முழுமையாகத் தொழிற்படுவது தெரியும்.

தமிழில் மொழிக்கு முதலில் இரு மெய் இணைந்து வாரா. ஆகவே க்லீ என்பது இடையில் இகரம் பெற்றுக் கிலீ ஆயிற்று. பின்னர் நெடில் குறுகிற்று. ஹகரம் தமிழில் இல்லை. அது நீங்க ரீ எஞ்சியது. ஐம் என்பதன் ஈற்று மகரத்தை எண்ணும்மையாகிய ‘உம்’ எனத் தமிழ்ச் செவி கொண்டது. ஐ, உம் என்னும் இரண்டுக்கும் நடுவே யகர உடம்படுமெய் தோன்ற ஐயும் ஆயிற்று. கிலியும், ரீயும் என்பனவும் அவ்வாறே. ஸௌ என்பது இன்னும் நுட்பமானது. ஸகரம் சகரமாயிற்று, ஔகாரம் அவ் என நின்றது, இவ்விரண்டால் சவ் என்றாகி, தனிக்குறிலை அடுத்த ஒற்று உயிர்வரின் இரட்டும் என்ற விதிப்படி, உம் சேரும்போது சவ்வும் ஆயிற்று. கல் என்பது கல்லும் ஆவதைப் போன்றதே இது.

இதன் விளைவு சிறப்பானது. தனித்தனியே நின்ற பொருளற்ற ஒலிகள், தமிழில் ‘அதுவும் இதுவும்’ என எண்ணிச் செல்லும் தொடராக மாறிவிட்டன. பொருள் இல்லாத இடத்திலும் இலக்கணம் இருந்தது. எழுதியவர் எந்த ஊரில் எந்த ஆசானிடம் கற்றார் என்பதைத் தகடு கூறாது. ஆனால் அவர் சிந்தித்த மொழி தமிழ் என்பதை ஒவ்வோர் அசையும் கூறுகிறது. கிலி என்ற சொல்லுக்குத் தமிழில் அச்சம் என்ற பொருளும் இருப்பதால், அதைக் கேட்ட எளிய மக்கள் வேறொரு பொருளையும் உணர்ந்திருத்தல் கூடும்.

வரிவடிவத்திலும் இத்தகைய தேர்வு உண்டு. சில தகடுகள் வித்தெழுத்துகளைக் கிரந்தத்தில் எழுதும். சில முழுதும் தமிழெழுத்தில் எழுதும். ஏட்டுச் சுவடி எழுதியோர் ஓலை கிழியாதிருக்கப் புள்ளியிடாமல் எழுதினர். அம்முறையில் பயின்ற கை தகட்டிலும் புள்ளியை விட்டிருந்தால், மகரம் உயிர்மெய்யா ஒற்றா என்பதை இடம் நோக்கியே உணரவேண்டும். ஆகையால் தகட்டின் வரிவடிவம் எழுதியவரின் பயிற்சிக்குச் சான்றாகிறது.

ஈப்போவின் அண்டை வீடுகள்

தகட்டைத் தமிழர் மட்டும் தனித்து வைத்திருந்ததாக எண்ணிவிடக் கூடாது. ஈப்போவைச் சூழ்ந்த சுண்ணாம்புக் குன்றுகள் இதனை விளக்கப் போதுமானவை. குனோங் சீரோவில் கல்லுமலை சுப்பிரமணியர் ஆலயம் குன்றின் அடியில் அமைந்துள்ளது. நகருக்கு வடக்கே 1926இல் தோன்றிய பேராக் தோங் என்ற சீனக் குகைக்கோயில் இருக்கிறது. மலாய்க் கம்பங்கள் இவற்றுக்கிடையே பரவியுள்ளன. மூன்று சமூகங்களும் எழுதப்பட்ட காப்பை அறிந்தவை.

சீனரின் காப்பு பெரும்பாலும் மஞ்சள் தாளில் செம்மையால் எழுதப்படுவது. அதன் தலைப்பில் ஆணை என்னும் பொருளுடைய இரண்டு எழுத்துகள் வழக்கமாக இடம்பெறும். தொல்காப்பியர் மந்திரத்தை ஆணையோடு இணைத்துக் கூறியதை இங்கே நினைவுகூரலாம். வேண்டுதலும் வணக்கமும் வேறு; இது கட்டளையின் மொழி. எழுத்தின் வடிவமும் இயல்பான சீன எழுத்தினின்று நீண்டு வளைந்து, அம்மொழி கற்றவருக்கும் எளிதில் விளங்காததாகும்.

மலாய் மரபில் அஜிமாட், வஃபாக் என வழங்குவன அறபுச் சொற்கள்; மந்த்ரா என்பது வடசொல். 1900இல் வால்டர் வில்லியம் ஸ்கீட் வெளியிட்ட ‘மலாய் மேஜிக்’ என்னும் பெருநூல் தீபகற்பத்து மலாய்க்காரரின் இத்தகைய வழக்கங்களை எண்சதுரங்களோடு பதிவு செய்துள்ளது. அறபு எழுத்துகளுக்கு எண்மதிப்பு உண்டு. மேலே கைவசம் வைத்த 15 கூடும் சதுரத்தின் நான்கு மூலைகளிலும் 2, 4, 6, 8 நிற்பதைக் காண்க. அவ்வெண்களுக்குரிய அறபு எழுத்துகளைச் சேர்த்தால் ‘புதூஹ்’ என்ற சொல் வரும். இசுலாமிய உலகெங்கும் அச்சொல் காப்பாக எழுதப்பட்டது. சீனத் தொன்மத்தில் ஆற்றிலிருந்து வெளிவந்த ஆமையின் முதுகில் காணப்பட்டதாகச் சொல்லப்படும் லோசூ என்ற கட்டமும் இதே சதுரமே. குபேரக் கோலம் இடும் தமிழ்ப் பெண்ணும், மஞ்சள் தாள் எழுதும் சீனப் பூசகரும், வஃபாக் வரையும் மலாய்ப் பெரியவரும் ஒரே ஒன்பது எண்களை ஒரே முறையில் அடுக்கியுள்ளனர். ஒன்பது எண்களால் மூன்றுக்கு மூன்று சதுரம் அமைக்கும் வழி, திருப்பியும் புரட்டியும் பார்ப்பதைத் தவிர்த்தால், ஒன்றே ஒன்றுதான். ஆகவே யார் யாரிடம் பெற்றார் என்ற வாதத்துக்கு இங்கே வேலை குறைவு.

பேராக்கின் வட எல்லை தாய்லாந்தைத் தொடுகிறது. அங்கே உடலில் பச்சைகுத்தும் ‘யந்த்’ என்பதன் பெயரே எந்திரம் என்ற சொல்லின் திரிபு. அன்றாட வழக்குக்குத் தாய் எழுத்து இருக்க, யந்த் எழுதுவதற்கு மட்டும் கோம் எனப்படும் பழைய கெமர் எழுத்தை ஆள்வர். கெமர் எழுத்தின் மூலம் பல்லவர் காலத் தென்னிந்திய எழுத்து. தமிழர் கிரந்தத்தைத் தகட்டுக்கென ஒதுக்கியதும், தாய்லாந்தினர் கோம் எழுத்தை யந்துக்கென ஒதுக்கியதும் ஒரே நோக்கத்தன. பலரும் படிக்கும் எழுத்தினும் சிலரே அறிந்த எழுத்துக்கு மதிப்பு மிகுதி.

பேசாமையின் பொருள்

இதுவரை கண்டவற்றிலிருந்து ஒன்று தெளிவாகிறது. எழுத்து எந்த அளவுக்குப் பேச்சினின்று விலகுகிறதோ அந்த அளவுக்கு அதற்கு ஆற்றல் ஏற்றப்படுகிறது. சொல்லைப் பிரித்து முனைகளில் வைத்தல், பழைய வரிவடிவத்தைத் தேர்தல், சுருட்டி மறைத்தல் ஆகிய யாவும் அவ்விலக்கத்தின் படிகள். பெர்டினாண்டு டி சொசூர் சொல்லுக்கும் பொருளுக்கும் இயற்கையான தொடர்பு இல்லை, வழக்கே அதனை இணைக்கிறது என்று நிறுவினார். 1916இல் அச்சான அவருடைய பாடங்களே இன்றைய மொழியியலின் அடித்தளம். தகடு எழுதியவர் இதற்கு நேர்மாறாக, எழுத்தும் பொருளும் ஒன்றே எனக் கொண்டவர். மொழியியலாளராகிய நாம் சொசூரையே ஏற்கிறோம். தகடு காய்ச்சலைத் தணிக்கும் என்பதற்கு எழுத்தியல் சான்று ஏதும் தராது.

எனினும் அதனோடு பேச்சு முடிந்துவிடுவதில்லை. இலங்கைத் தமிழரான மானிடவியல் அறிஞர் ஸ்டான்லி ஜெயராஜா தம்பையா, சொற்களின் மந்திர ஆற்றல் பற்றி 1968இல் வெளியிட்ட கட்டுரையில், மந்திரச் சொற்களைத் தவறான அறிவியலாகக் காண்பதை மறுத்தார். சடங்கில் மொழியும் பொருளும் செயலும் கூடி, பங்கேற்பவரின் மனத்தையும் உறவுகளையும் ஒழுங்குபடுத்துகின்றன என்பது அவர் கருத்தின் சாரம். இதனைத் தோட்ட வாழ்வில் பொருத்திப் பார்க்கலாம். இருள் பிரியுமுன் பெரட்டுக்குச் சென்று, பிள்ளையை ஆயாக் கொட்டகையில் விட்டு, பால்மரக் காட்டுக்குள் நடந்த தாய்க்கு அப்பிள்ளையின் அரைஞாணில் இருந்த குப்பி எதைச் செய்தது? தான் அருகில் இல்லாத நேரத்தில் தன் அக்கறையை அங்கே நிறுத்திவைத்தது. அவளுக்கு அவ்வெழுத்தைப் படிக்கத் தெரியாதிருக்கலாம். 1923ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம், பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் உள்ள தோட்டங்களில் பள்ளி அமைக்கப் பணித்ததற்கு முன்னே வளர்ந்தோர் பலருக்கு எழுத்தறியும் வாய்ப்பே இல்லை. எழுத்து அவர்களுக்குக் கல்வியாக வந்து சேரும் முன்னர்க் காப்பாக வந்து சேர்ந்திருந்தது. எழுத்தின் மீது நம் மக்கள் கொண்ட மதிப்பின் வரலாற்றில் இந்தப் பக்கத்தைக் கிழித்தெறிய இயலாது.

தோட்டம் கலைந்த பின்

இப்பொருளை இன்று எடுத்துரைப்பதற்குக் காரணம் உண்டு. 1877இல் கோலகங்சாரில் நடப்பட்ட கன்றுகளோடு பேராக்கில் ரப்பர் தொடங்கிற்று. அதன் பின்னர் எழுந்த தோட்டங்களில் தமிழர் கோயில் கட்டினர். சிலை நிறுவும்போது, மருந்து சாத்துமுன், அதன் அடியில் எந்திரத் தகட்டை வைத்தனர். 1950களில் பெருந்தோட்டங்கள் துண்டாடப்பட்டன. அதனைத் தடுக்கும் முயற்சியாகச் சுங்கை சிப்புட்டைச் சேர்ந்த துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தோற்றுவித்ததை நாம் அறிவோம். பிறகு ரப்பர் செம்பனைக்கு இடம் தந்தது; மக்கள் புந்தோங் போன்ற நகர்ப்புறங்களுக்கும் வீடமைப்புப் பகுதிகளுக்கும் பெயர்ந்தனர். கோயில் பெயரும்போது சிலை எடுக்கப்படும். சிலை எடுக்கப்படும்போது, வைத்தவரைத் தவிர எவரும் கண்டிராத தகடு முதன்முறையாக வெளிச்சம் காணும்.

அந்தச் சில மணிநேரமே ஆய்வுக்குக் கிடைக்கும் காலம். பழந்தகட்டை ஓடும் நீரில் விடுவது வழக்கம். அவ்வழக்கத்தை நாம் மதிக்கிறோம். நீரில் விடுவதைத் தடுக்கச் சொல்லவில்லை. விடுமுன் பதிவு செய்தல் வேண்டும் என்பதே வேண்டுகோள். அதற்குப் பெருஞ்செலவு தேவையில்லை. தகட்டைத் தேய்த்துப் பளபளப்பாக்க வேண்டா. களிம்போடு கோடும் அழிந்துவிடும். பக்கவாட்டு வெளிச்சத்தில் இருபுறமும் படம் எடுக்க வேண்டும். அருகே ஓர் அளவுகோலை வைத்தால் அளவு தெரியும். மெல்லிய தாளை மேலே பரப்பிக் கரிக்கோலால் மெதுவாகத் தேய்த்தால் கண்ணுக்குப் புலப்படாத எழுத்தும் பதியும். எந்தத் தோட்டம், எந்தத் தெய்வம், எந்தத் திசை நோக்கி இருந்தது, யார் வைத்ததாக மூத்தோர் சொல்கின்றனர் என்பவற்றை அன்றே எழுதி, தேதியிட்டு, படத்தோடு சேர்த்து வைக்க வேண்டும். தகட்டின் பாதிப் பொருள் அதன் இடத்தில் இருக்கிறது. இடம் தெரியாத தகடு வெறும் செம்பு.

படிக்கப் பழகுவதால் இன்னொரு பயனும் உண்டு. அச்சத்தை விலைக்கு மாற்றுவோர் எக்காலத்தும் உளர். கடையில் ஆயிரக்கணக்கில் அச்சடித்த தகட்டைத் தனியே எழுதியதெனச் சொல்லி, நோயாளி இருக்கும் வீட்டில் பெரும்பொருள் கேட்போரும் உளர். ஐந்தெழுத்துச் சதுரத்தில் ஒரே வரிசையில் ஓரெழுத்து இருமுறை வந்தால், அல்லது எண்சதுரத்தின் நிரல்கள் வெவ்வேறு தொகை தந்தால், எழுதியவர் மரபையே அறியாதவர் என்பதை ஆறாம் வகுப்பு மாணவனும் கண்டுகொள்வான். நம்புவோர் மரபறிந்து நம்பவும், நம்பாதோர் மரபறிந்து மறுக்கவும் இவ்வறிவு உதவும். நோய்க்கு மருத்துவரையே நாட வேண்டும் என்பதில் இருசாராருக்கும் ஐயம் இருத்தலாகாது.

பெயர்த்து அமைக்கப்படும் தோட்டக் கோயில்களின் நிருவாகத்தாரும், அவ்வட்டாரத் தமிழ்ப்பள்ளி ஆசிரியரும், பதிவு செய்ய ஆர்வமுள்ள இளைஞர் இருவரும் ஒருநாள் கூடினால் ஒரு கோயிலின் தகடுகளைப் பதிவு செய்துவிடலாம். பாகான் செராயிலிருந்து தெலுக் இந்தான் வரை, தாப்பாவிலிருந்து சுங்கை சிப்புட் வரை, இன்னும் பெயராத சிறு கோயில்கள் உள்ளன. அடுத்த திருக்குட நன்னீராட்டுக்கு நாள் குறிக்கும்போதே பதிவுக்கும் ஒருவரைக் குறித்து வைக்குமாறு நிருவாகங்களைக் கேட்டுக்கொள்கிறோம்.